377 யார் மேல பாய்ஞ்சது?

சென்னை பிரைட் பேரணியைப் பத்தி ஒரு நண்பரோட பேசிட்டிருந்தேன். "377 தன்பாலீர்ப்பாளர்களோட பிரச்சினை. திருநங்கைகளோடது பாலின அடையாளப் பிரச்சினை. ரெண்டையும் ஏன் ஒரே கொடிக்குக் கீழ கொண்டு வர்றீங்க?"ன்னு கேட்டார்.

நியாயமான கேள்விதான். பாலினம் வேற, பாலீர்ப்பு வேற. நானே இந்த மைக் முன்னாடி பல தடவை சொல்லியிருக்கேன். ஆனா சட்டம் அந்த வித்தியாசத்தைப் பார்த்துச்சா?

377-ஆம் பிரிவு 1860-ல ஆங்கிலேயர்கள் எழுதினது. 1884-ல அலகாபாத் உயர் நீதிமன்றத்துக்கு ஒரு வழக்கு வருது. குற்றம் சாட்டப்பட்டவர் பெயர் கைராத்தி. ஒரு வீட்டுப் பெண்களுக்கு நடுவுல, பெண் உடையில பாடிட்டிருந்தார். அவ்வளவுதான். அவரை மருத்துவப் பரிசோதனைக்கு உட்படுத்தி, 377-ல தண்டனையும் கொடுத்துட்டாங்க. யாரோட, எங்க, எப்போ? எதுக்கும் பதில் இல்ல. அதனாலதான் உயர் நீதிமன்றம் விடுதலை செஞ்சது. ஆனா யோசிச்சுப் பாருங்க, செயலுக்கு ஆதாரமே கிடையாது. அவர் உடுத்தியிருந்த உடைதான் சந்தேகத்துக்கே ஆரம்பம்.

130 வருஷம் கழிச்சு இதே வழக்கை உச்ச நீதிமன்றம் எடுத்துக் காட்டுது. 2014 ஏப்ரல் 15, நால்சா தீர்ப்பு. தன் பாலினம் எதுன்னு சொல்ற உரிமை அந்தந்த நபருக்கே உண்டுன்னு சொன்ன தீர்ப்பு. 377 திருநங்கைகளைத் துன்புறுத்துற கருவியா இருந்ததையும் அது பதிவு பண்ணுது. ஆனா அந்தப் பிரிவு செல்லுமா செல்லாதான்னு கருத்து சொல்லல. காரணம், நாலு மாசம் முன்னாடிதான், 2013 டிசம்பர் 11 அன்னிக்கு, அதே உச்ச நீதிமன்றத்தோட இன்னொரு அமர்வு 377 செல்லும்னு சொல்லியிருந்தது.

விளைவு என்ன? ஒரு திருநங்கையை நீதிமன்றம் குடிமகளா அங்கீகரிச்சாச்சு. அவங்க தன் காதலனோட சேர்ந்து வாழ்ந்தா சட்டப்படி குற்றவாளி ஆகலாம். 2018 செப்டம்பர் 6 வரைக்கும், நாலு வருஷத்துக்கு மேல, இதுதான் நிலைமை. இதை நான் வெறும் சட்டச் சிக்கலா பார்க்கல. ராத்திரி பஸ் ஸ்டாண்டுல நிக்கிற ஒருத்தரை மிரட்ட போலீஸ்காரருக்கு வழக்கே தேவையில்ல, பிரிவோட எண்ணைச் சொன்னாலே போதும்.

கல்யாண விஷயத்திலும் இதே முடிச்சுதான். 2019-ல மதுரை உயர் நீதிமன்றக் கிளை, இந்து திருமணச் சட்டத்துல வர்ற 'மணமகள்'ங்கிற சொல் திருநங்கையையும் குறிக்கும்னு சொன்னது. நம்ம ஊர்ல இருந்து போன அருமையான தீர்ப்பு. 2023 அக்டோபர்ல உச்ச நீதிமன்றமும் ஆண்-பெண் உறவில் இருக்கிற திருநர்கள் திருமணம் செய்யலாம்னு ஒத்துக்கிட்டது. தன்பாலினத் திருமணத்துக்கு மட்டும் அங்கீகாரம் தரல.

அப்போ ஒரு திருநங்கை இன்னொரு பெண்ணைக் காதலிச்சா? நண்பர்கிட்ட இதைக் கேட்டேன். "அது ரெண்டும் சேர்ந்ததாச்சே"ன்னார். அந்த 2023 தீர்ப்பை அடுத்த எபிசோடுல விரிவா பார்ப்போம்.