உத்திரமேரூர்ச் சுவரும் நம் மஹல்லா கணக்கும்

காஞ்சிபுரத்திலிருந்து உத்திரமேரூர் செல்லும் சாலையில், ஊரை நெருங்கும்போது திருப்புலிவனம் வருகிறது. ஏரியையும் வயலையும் நம்பி வாழும் பகுதி இது. அதைத் தாண்டி உத்திரமேரூருக்குள் நுழைந்தால் வைகுண்டப் பெருமாள் கோயில் இருக்கிறது. அதன் சுவரில் முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இரண்டு உள்ளன. ஒன்று கி.பி. 919ஆம் ஆண்டைச் சேர்ந்தது, மற்றொன்று 921ஆம் ஆண்டைச் சேர்ந்தது. ஊர்ச் சபையின் வாரியங்களுக்கு உறுப்பினர்களை எப்படித் தேர்ந்தெடுப்பது என்ற விதிகளே அவற்றில் வெட்டப்பட்டிருக்கின்றன.

பள்ளிப் பாடத்தில் 'குடவோலை முறை' என்று நாம் படித்தது இதைத்தான். 2020 டிசம்பரில் புதிய நாடாளுமன்றக் கட்டடத்துக்கு அடிக்கல் நாட்டியபோது பிரதமரும் இந்தக் கல்வெட்டைக் குறிப்பிட்டார். கோயில் சுவரில் இருந்தாலும் இது ஓர் ஊர் நிர்வாக ஆவணம். ஒரு சமுதாயத்தின் பண்பாடு அதன் நிர்வாகத்தையும் வளர்ச்சியையும் எப்படி உருவாக்குகிறது என்பதை அறிய விரும்பும் எவரும் படிக்க வேண்டியது.

பண்பாடு என்பது எது?

பண்பாடு என்றதும் உடை, உணவு, திருமணச் சடங்கு ஆகியவைதாம் நம் நினைவுக்கு வருகின்றன. இவை அதன் வெளித்தோற்றம் மட்டுமே. பொதுப் பணம் கையில் இருக்கும்போது ஒருவர் எப்படி நடந்துகொள்கிறார், கேள்வி கேட்டவரை ஊர் எப்படி நடத்துகிறது, எடுத்த முடிவு எல்லோருக்கும் எப்படித் தெரிவிக்கப்படுகிறது என்பவையே ஒரு சமுதாயத்தின் உண்மையான பண்பாடு.

சட்டம் மட்டும் போதாது என்பதற்கு இத்தாலி ஓர் எடுத்துக்காட்டு. அங்கே 1970இல் நாடு முழுவதும் ஒரே அமைப்பில் மாநில அரசுகள் ஏற்படுத்தப்பட்டன. அமெரிக்க அறிஞர் ராபர்ட் புட்னம் அவற்றைப் பல ஆண்டுகள் ஆராய்ந்து 1993இல் நூலாக வெளியிட்டார். சங்கங்களாகக் கூடிப் பொதுக் காரியம் செய்யும் பழக்கம் வேரூன்றிய வட பகுதிகளில் நிர்வாகம் சிறந்திருந்தது. அந்தப் பழக்கம் குறைந்த தென் பகுதிகளில் அதே அமைப்பு தடுமாறியது. அதற்கு ஆறு நூற்றாண்டுகளுக்கு முன்பே இப்னு கல்தூன் தம் 'முகத்திமா'வில், மக்களைப் பிணைக்கும் ஒற்றுமை உணர்வே அரசுகளை எழுப்புகிறது என்றும், அநீதி நாகரிகத்தை அழிக்கிறது என்றும் விளக்கியிருந்தார்.

சுவரில் எழுதிய விதிகள்

உத்திரமேரூர் 30 குடும்புகளாக, அதாவது இன்றைய வார்டுகளைப் போலப் பிரிக்கப்பட்டிருந்தது. தகுதியுள்ளவர்களின் பெயர்களை ஓலையில் எழுதிக் குடத்தில் இட்டார்கள். பெரியவரும் சிறியவருமாகச் சபை கூடியிருக்க, எழுத்தறியாத ஒரு சிறுவன் ஓலையை எடுப்பான். அதை வாங்குபவர் ஐந்து விரல்களையும் விரித்த உள்ளங்கையில் வாங்க வேண்டும். ஓலையை மாற்றிவிடக் கூடாது என்பதற்காக இந்த ஏற்பாடு. பிறகு அதை உரக்கப் படிக்க வேண்டும். மற்றவர்களும் வாங்கிப் படித்த பிறகே அந்தப் பெயர் ஏற்கப்பட்டது.

சம்வத்சர வாரியம், தோட்ட வாரியம், ஏரி வாரியம் என்று பணிகள் பிரிக்கப்பட்டன. ஏரி வாரியத்துக்கு 6 பேர். பதவிக்காலம் 360 நாள். குற்றம் கண்டால் இடையிலேயே நீக்கலாம். கடந்த மூன்று ஆண்டுகளுக்குள் வாரியத்தில் இருந்தவர் மீண்டும் வர முடியாது.

இவை எல்லாவற்றையும்விட நம்மைச் சிந்திக்க வைப்பது வேறொரு விதி. வாரியத்தில் இருந்துவிட்டுக் கணக்குக் காட்டாமல் போனவரின் பெயரைக் குடத்தில் இடக் கூடாது. அவருடைய தந்தை, மகன், சகோதரன், மாமனார், மருமகன், மைத்துனன், தாய்மாமன் ஆகியோரின் பெயர்களும் கூடாது. கணக்குக் காட்டாமை ஒருவரின் தனிப்பட்ட அசட்டையாகக் கருதப்படவில்லை. குடும்பமே வெட்கப்பட வேண்டிய குற்றமாகக் கருதப்பட்டது. மேலும், 919இல் எழுதிய விதிகளை இரண்டே ஆண்டுகளில் திருத்தினார்கள். 30 முதல் 60 வரை என்றிருந்த வயது வரம்பு 35 முதல் 70 வரை என்று மாறியது. குறை கண்டால் திருத்துவதும் அவர்களின் பழக்கமாக இருந்திருக்கிறது.

இதன் மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். இது பிராமணர்களின் சபை. சொந்த நிலமும் மனையும் வேதக் கல்வியும் உள்ளவர்களுக்கு மட்டுமே அதில் இடம். நிலத்தில் உழைத்தவர்களுக்கும் பெண்களுக்கும் இடமில்லை. அந்தக் குறையை நம் அரசியல் சட்டம் சரிசெய்தது. 73ஆவது திருத்தத்துக்குப் பின் வந்த 1994ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தில், ஊரின் வாக்காளர் ஒவ்வொருவரும் கிராம சபையின் உறுப்பினர். இன்று திருப்புலிவனத்தில் கூலி வேலை செய்யும் ஒரு பெண்ணும் கிராம சபையில் எழுந்து வரவு செலவைக் கேட்கலாம்.

மார்க்கம் என்ன சொல்கிறது?

முஃமின்களின் காரியங்கள் தமக்குள் கலந்தாலோசித்து நடைபெறும் என்று அல்லாஹ் கூறுகிறான் (அல்குர்ஆன் 42:38). அமானிதங்களை உரியவர்களிடம் ஒப்படைக்கக் கட்டளையிடுகிறான் (4:58). கடன் கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்கச் சொல்லும் வசனமே (2:282) குர்ஆனில் மிக நீளமானது.

சீட்டுக் குலுக்குவது பற்றிச் சிலருக்கு ஐயம் எழலாம். அம்புகளைக் கொண்டு குறி பார்ப்பதுதான் தடுக்கப்பட்டது (5:90). சம உரிமை உள்ளவர்களிடையே சச்சரவைத் தவிர்க்கச் சீட்டுக் குலுக்குவது வேறு. மர்யம் (அலை) அவர்களை யார் பொறுப்பேற்பது என்பதற்கு எழுதுகோல்களை எறிந்து பார்த்ததைக் குர்ஆன் குறிப்பிடுகிறது (3:44). பாங்கு சொல்வதிலும் முதல் வரிசையிலும் உள்ள நன்மையை மக்கள் அறிந்தால், அதற்காகச் சீட்டுக் குலுக்கவும் தயங்கமாட்டார்கள் என்ற கருத்தில் நபி (ஸல்) அவர்கள் சொன்னது புகாரீயில் பதிவாகியுள்ளது.

கணக்குக் கேட்பதற்கும் நபிவழி இருக்கிறது. ஸகாத் வசூலிக்க அனுப்பப்பட்ட இப்னுல் லுத்பிய்யா என்பவர் திரும்பி வந்து, இது உங்களுக்குரியது, இது எனக்கு அன்பளிப்பாகத் தரப்பட்டது என்று பிரித்துக் காட்டினார். அவரிடம் நபி (ஸல்) அவர்கள் கணக்குக் கேட்டார்கள். அவர் தம் தாய் தந்தையின் வீட்டிலேயே உட்கார்ந்திருந்தால் இந்த அன்பளிப்பு வந்திருக்குமா என்று வினவினார்கள். அத்துடன் விடாமல் மக்கள் முன் நின்று, பெயர் சொல்லாமல், அந்தச் செயலைக் கண்டித்து உரையாற்றினார்கள். ஒரு மனிதரை அவமானப்படுத்தாமல் ஒரு தவறான பழக்கத்தை ஊரறியத் தடுத்தார்கள். பொதுத் தகவல் தொடர்புக்கு இதைவிடச் சிறந்த பாடம் வேண்டுமா?

நம் மஹல்லாக்களில்

இப்போது நம் பக்கம் திரும்புவோம். வருடந்தோறும் கணக்கை அச்சிட்டுப் பள்ளிவாசல் பலகையில் ஒட்டும் ஜமாஅத்கள் நம்மிடையே உள்ளன, அல்ஹம்துலில்லாஹ். ஆனால் சந்தா, குர்பானித் தோல், உண்டியல், கடை வாடகை என்று பணம் வருவது மட்டும் தெரிந்து, போன வழி தெரியாத மஹல்லாக்களும் உள்ளன. கேட்டால் 'என்னை நம்பவில்லையா?' என்று பொறுப்பாளர் வருந்துகிறார். கேட்ட இளைஞருக்குக் 'குழப்பவாதி' என்று பெயர் கிடைக்கிறது. அடுத்த ஜும்ஆவில் ஊர் இரண்டாகிறது. பிறகு இரண்டு கமிட்டி, இரண்டு பெருநாள் தொழுகை, நீதிமன்ற வழக்கு. ஏழைப் பிள்ளையின் படிப்புக்குப் போக வேண்டிய பணம் வழக்குச் செலவுக்குப் போகிறது.

பெரும்பாலும் இங்கே பணம் திருடப்படுவதில்லை. சொல்லும் பழக்கமும் கேட்கும் பழக்கமும் இல்லாததே பிரச்சினை. நேர்மையான முத்தவல்லியும் கணக்கை வெளியிடாததால் சந்தேகத்துக்கு ஆளாகிறார். வக்ஃப் சொத்துகளின் கணக்கை ஆண்டுதோறும் வாரியத்துக்கு அனுப்ப வேண்டும் என்று 1995ஆம் ஆண்டின் வக்ஃப் சட்டம் சொல்கிறது. வாரியத்துக்குப் போகும் அதே தாளின் நகலைப் பள்ளியின் சுவரில் ஒட்டினால் பாதி வதந்திகள் அன்றே அடங்கிவிடும்.

பெண்களுக்கும் அது தெரிய வேண்டும். பலகையைப் பார்க்கப் பள்ளிவாசலுக்கு வராதவர்களுக்கு அதை வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பலாம். பைத்துல்மால் உதவி பெறுவோரின் பெயரைத் தவிர்த்து, தொகையை மட்டும் குறிப்பிட்டால் அவர்களின் கண்ணியமும் காக்கப்படும்.

இந்தப் பழக்கம் வீட்டில்தான் பிறக்கிறது. கடைக்கு அனுப்பிய மகன் மீதிச் சில்லறையையும் பில்லையும் தாயிடம் தரட்டும். வீட்டுச் செலவை மாதம் ஒருமுறை கணவனும் மனைவியும் எழுதிப் பார்க்கட்டும். அண்ணன் தம்பிக்குள் கடன் கொடுத்தாலும் தேதியிட்டு எழுதி வைக்கட்டும். அப்படி வளர்ந்த பிள்ளை நாளை ஜமாஅத் பொருளாளராகவோ ஊராட்சித் தலைவராகவோ அரசு அதிகாரியாகவோ ஆகும்போது, கணக்குக் கேட்பதை அவமானமாக எண்ணாது. நாட்டின் முன்னேற்றம் இத்தகைய வீடுகளிலிருந்துதான் தொடங்குகிறது.

ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன் ஓர் ஊர் தன் விதிகளைக் கல்லில் வெட்டி எல்லோர் கண்ணிலும் படும்படி வைத்தது. மறுமையில் அணுவளவும் கணக்குக் கேட்கப்படும் என்று நம்பும் நாம், ஒரு தாளை ஒட்டத் தயங்கலாமா?

அமானிதத்தைப் பேணும் சமுதாயமாக அல்லாஹ் நம்மை ஆக்குவானாக! ஆமீன்.