ஒரு படத்தை மாற்றிய அப்டேட்: 'டிவோஷன்' திகில் கேமுக்கு என்ன ஆச்சு?

பாகான் டத்தோவில் ராத்திரி லைட்டை அணைத்து, ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு திகில் கேம் விளையாடுகிற ஆளா நீங்க? அப்படின்னா 'அப்டேட்' அறிவிப்பு உங்களுக்குப் புதுசு இல்லை. பெரும்பாலும் அது சின்னச் சின்ன கோளாறுகளைச் சரிசெய்யத்தான் வரும். ஆனால், ஒரே ஒரு படத்தை மாற்ற வந்த அப்டேட்டால்கூட ஒரு கேமைக் காப்பாற்ற முடியாமல் போனது உங்களுக்குத் தெரியுமா?

அது என்ன கேம்?

தைவானின் ரெட் கேண்டில் கேம்ஸ் என்ற சிறிய நிறுவனம், 2019 பிப்ரவரி 19-ஆம் தேதி ஸ்டீமில் வெளியிட்ட 'டிவோஷன்'. 1980-களில் ஓர் அடுக்குமாடி வீட்டுக்குள் நடக்கும் கதை. நோயில் வாடும் மகளைக் குணப்படுத்த, அப்பா மருத்துவரை விட ஒரு போலிச் சாமியாரை நம்புகிறார். பேய் துரத்துவதைவிட, அதே வீடு ஒவ்வொரு முறையும் கொஞ்சம் கொஞ்சமாக மாறுவதுதான் இதில் பயமே.

அப்டேட்டில் என்ன மாறியது?

சீனக் கோயில்களில் மந்திரத் தாள் பார்த்திருப்பீங்க. கேமில் சுவரில் இருந்த அப்படி ஒரு தாளில், சீன அதிபர் ஷி ஜின்பிங்கை 'வின்னி த பூ' கரடியோடு சேர்த்துக் கேலி செய்யும் எழுத்துகள் இருந்ததை விளையாட்டாளர்கள் கண்டுபிடித்தார்கள். தயாரிப்பின்போது தற்காலிகமாக வைத்த படம் தவறுதலாகத் தங்கிவிட்டது என்று நிறுவனம் விளக்கம் தந்து, மன்னிப்புக் கேட்டது. அப்டேட் மூலம் படத்தையும் மாற்றியது.

அப்புறம் ஏன் காணாமல் போனது?

கோபம் அடங்கவில்லை. சீன விளையாட்டாளர்கள் எதிர்மறை விமர்சனங்களைக் குவித்தார்கள். ஒரு வாரத்துக்குள் உலகம் முழுக்க ஸ்டீம் விற்பனையிலிருந்து 'டிவோஷன்' எடுக்கப்பட்டது. அதே ஆண்டு ஜூலையில், அதன் சீன வெளியீட்டாளரான இன்டிவென்ட்டின் உரிமம் ரத்தானது. 2020 டிசம்பரில் ஜிஓஜி தளம் கேமை விற்கப்போவதாக அறிவித்து, சில மணி நேரத்திலேயே பின்வாங்கியது. கடைசியில் 2021 மார்ச்சில் ரெட் கேண்டில் தன் சொந்த இணையதளத்திலேயே அதை விற்கத் தொடங்கியது. இரண்டு ஆண்டுகள் அதை டிஜிட்டல் வடிவில் புதிதாக வாங்க முடியவில்லை. இதற்கிடையே, அமெரிக்காவின் ஹார்வர்ட்-யென்சிங் நூலகம் 2020-இல் அதைத் தன் சேகரிப்பில் சேர்த்துக்கொண்டது.

இதில் உங்களுக்கு என்ன?

ஆன்லைனில் காசு கொடுத்து நீங்க வாங்குவது கேமை அல்ல, அதை விளையாடும் உரிமத்தைத்தான். 2024 அக்டோபரிலிருந்து ஸ்டீம் இதைப் பணம் கட்டும் பக்கத்திலேயே சொல்கிறது. அப்டேட் வந்துவிட்டால், நேற்று நீங்க விளையாடிய வடிவம் பொதுவாகத் திரும்பக் கிடைக்காது. உங்களைக் கேட்டுவிட்டுத்தான் மாற்றுவார்கள் என்றும் இல்லை.

அதனால் மூன்று விஷயம் செய்யலாம். அப்டேட் குறிப்பைப் படியுங்க. விளையாடிய இடத்தைச் சேமித்த கோப்பை நகல் எடுத்து வையுங்க. ரொம்பப் பிடித்த கேம் என்றால், பூட்டு இல்லாத இன்ஸ்டாலர் தரும் தளத்தில் வாங்கி, அதை ஹார்ட் டிஸ்க்கில் போட்டு வையுங்க. 'டிவோஷன்' இப்போது அப்படித்தான் விற்கப்படுகிறது. கடை மூடினாலும் உங்கள் பிரதி உங்களிடமே இருக்கும்.