மலையோடைத் தவளை

உத்திரமேரூரின் பெரிய ஏரி, பல்லவர் காலக் கல்வெட்டுகளில் வயிரமேக தடாகம் என வழங்கப்படுகின்றது. அதனைப் பேணுவதற்கு ஏரி வாரியம் இருந்ததை முதலாம் பராந்தக சோழனின் கல்வெட்டு கூறும். காஞ்சிபுரம் மாவட்டத்து ஏரிகள் பல, ஒன்றன் கலங்கல் நீர் மற்றொன்றனைச் சேருமாறு அமைந்தவை. ஆதலின் ஓர் ஏரி வற்றினாலும், மழை பெய்ததும் தவளைகள் வயல்களைக் கடந்து அடுத்த நீர்நிலையை அடையக்கூடும். உயர்மலையில் மட்டுமே வாழும் தவளைக்கு அவ்வாய்ப்பு இல்லை.

நீலகிரியின் மலையோடைகளைச் சார்ந்து மரத்தவளை இனம் ஒன்று வாழ்கின்றது. கிழக்கிந்தியக் கம்பெனியின் சென்னைப் படையில் மருத்துவராகப் பணியாற்றிய ஜெர்டன், 1853ஆம் ஆண்டில் இதனை அறிவியல் உலகிற்கு அறிமுகப்படுத்தினார். காட்டிசாலஸ் வேரியாபிலிஸ் என்பது இதன் இன்றைய அறிவியல் பெயர். மரத்தவளை எனப்பட்டாலும் இதன் வாழ்வு ஓடையோடு பிணைந்தது. ஓடையோரத்தில் நுரையால் கூடமைத்து அதனுள் முட்டையிடும். முட்டைகள் உலர்ந்துவிடாமல் அந்நுரை காக்கும். பின்னர் வெளிப்படும் தலைப்பிரட்டைகள் ஓடை நீரில் வளரும். நீர் தூயதாகவும் குளிர்ந்ததாகவும் ஓடிக்கொண்டிருக்க வேண்டும். தேங்கிய குட்டை இதற்குப் போதாது.

பழனி மலையிலும் இதனை ஒத்த தவளைகள் உண்டு. அவை வேறோர் இனம் என்பதை எஸ்.டி. பிஜுவும் உடன் ஆய்ந்தோரும் 2008ஆம் ஆண்டில் மரபணு ஆய்வின் துணையோடு நிறுவினர். கண்மணியைச் சூழ்ந்த கதிர்போன்ற கோடுகளால் அவ்வினம் 'விண்மீன் விழி' எனப் பொருள்படும் ஆஸ்டெராப்ஸ் என்னும் பெயரைப் பெற்றது. அழகிய பெயர்தான். வரைபடத்தில் நீலகிரியும் பழனியும் அருகருகே தோன்றும். ஆயினும் இடையே ஏறத்தாழ 30 முதல் 40 கிலோமீட்டர் அகலமுள்ள பாலக்காட்டுக் கணவாய் கிடக்கின்றது. குளிர்ந்த மலைக்காட்டில் வாழப் பழகிய சிற்றுயிருக்கு அவ்வெப்பத் தாழ்நிலம் ஒரு கடல். ஒவ்வொரு மலையும் தனித்தீவாயிற்று; நெடுங்காலப் பிரிவில் இனங்களும் வேறாயின.

இத்தீவுகள் இன்று சுருங்கி வருகின்றன. நீலகிரியின் சோலைகளும் புல்வெளிகளும் பெருமளவு தேயிலைத் தோட்டங்களாகவும், யூக்கலிப்டஸ், சீகை மரக்காடுகளாகவும் மாறிவிட்டன. மலைக்காய்கறித் தோட்டங்களில் தெளிக்கும் பூச்சிக்கொல்லி மழைநீருடன் ஓடையில் கலக்கின்றது. தவளை தோலாலும் சுவாசிப்பது. தோல் வழியே நீரையும் உறிஞ்சுவது. ஆகவே நீரில் கலந்த நஞ்சு எளிதில் அதன் உடலுக்குள் புகும். தென் அமெரிக்காவில் ஏறத்தாழ 3,800 மீட்டர் உயரத்திலுள்ள டிடிகாகா ஏரியின் நீர்த்தவளை, மடிப்பு மடிப்பான தளர்ந்த தோலாலேயே பெரிதும் சுவாசிக்கின்றது. அவ்வேரியில் கலக்கும் கோவாட்டா ஆற்றில் 2016ஆம் ஆண்டு அத்தவளைகள் ஆயிரக்கணக்கில் மடிந்து மிதந்தன. கழிவுநீர்க் கலப்பே காரணம் எனச் சூழலியலாளர் குற்றம் சாட்டினர்.

நீலகிரித் தவளையைப் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் தன் சிவப்புப் பட்டியலில் அழிவை எதிர்நோக்கும் இனமாகச் சேர்த்துள்ளது. நீலகிரி ஓடைகளிலிருந்து அது மறைந்துவிட்டால், பழனி மலைத் தவளையைக் கொணர்ந்து அவ்விடத்தை நிரப்ப இயலாது. அது வேறு இனம்.