இத்தாலியில் ஒரு சிறு ஸ்டேஷன்

நேப்பிள்ஸ் நகரிலிருந்து கடலோரமாக ஸலேர்னோவை நோக்கிச் செல்லும் பழைய இருப்புப் பாதையில், பியெத்ரார்ஸா–ஸான் ஜார்ஜியோ ஆ கிரேமானோ என்ற பெயருடன் ஒரு சிறு ஸ்டேஷன் இருக்கிறது. பெயரின் நீளத்துக்கும் ஸ்டேஷனின் அளவுக்கும் யாதொரு பொருத்தமும் இல்லை. நகரத்தின் புறப்பகுதியில் வசிப்போர் வேலைக்குப் போகவும் வீடு திரும்பவும் இறங்கி ஏறும் இடம் அது. ஒரு பக்கம் வெஸுவியஸ் எரிமலை. மற்றொரு பக்கம் நேப்பிள்ஸ் குடாவின் நீலக் கடல். இரண்டுக்கும் இடையே கிடைத்த குறுகிய நிலத்தில் தண்டவாளமும் பிளாட்பாரமும் அமைந்திருக்கின்றன.

இத்தகைய ஸ்டேஷனைப் பற்றித் தமிழ் வாசகர்களுக்கு எழுத என்ன இருக்கிறது என்று கேட்கலாம். இத்தாலிய தேசம் ஒன்றுபட்டு விடுதலை பெற்ற கதையை நம்மவர் நெடுங்காலமாக அறிவர். மாஜினியின் பிரதிக்கினையைப் பாரதியார் தமிழில் பாடியிருக்கிறார். கரிபால்டியின் பெயரும் நம் தேச பக்தர்களுக்கு உற்சாகம் ஊட்டிய பெயரே. ஆனால் அந்த விடுதலைக்குப் பிறகு என்ன நடந்தது என்பதை நம்மிற் பலர் கேட்டதில்லை. அந்தக் கதையின் ஒரு பகுதி இந்தச் சிறு ஸ்டேஷனின் பக்கத்திலுள்ள மதில் சுவருக்குள்ளே நிகழ்ந்தது. தேச விடுதலையைப் போற்றுவோர் யாவரும் அதை அறிந்திருத்தல் நலம் என்று கருதியே எழுதுகிறோம்.

பியெத்ரார்ஸா என்றால் எரிந்த கல் என்று பொருள். முன்னர் அவ்விடத்துக்கு வெள்ளைக் கல் என்று பெயர். 1631-ல் வெஸுவியஸ் சீறியபோது நெருப்புக் குழம்பு கடற்கரை வரை ஓடி வந்து உறைந்தது. ஊரும் மாறிற்று, பெயரும் மாறிற்று. இரு நூற்றாண்டு கழித்து அந்தக் கரிய நிலத்தின் மீது இரும்பு வந்து சேர்ந்தது.

இத்தாலிய நாட்டிலேயே முதல் ரயில் ஓடியது இந்தப் பாதையில்தான். அப்போது இத்தாலி என்று ஒரே ராஜ்யம் இல்லை. நேப்பிள்ஸைத் தலைநகராகக் கொண்ட இரு ஸிஸிலிகளின் ராஜ்யத்தைப் பூர்பன் வமிசத்து இரண்டாம் பெர்டினாண்டு ஆண்டு வந்தான். பயார் என்ற பிரெஞ்சு இஞ்சினீயருக்கு அவன் அனுமதி கொடுத்தான். நேப்பிள்ஸிலிருந்து போர்த்திச்சி வரை, சுமார் நாலரை மைல் தூரத்துக்குப் பாதை போடப்பட்டது. 1839 அக்டோபர் 3-ந் தேதி முதல் வண்டி புறப்பட்டது. லிவர்பூலுக்கும் மான்செஸ்டருக்கும் இடையே ரயில் ஓடத் தொடங்கி அப்போது ஒன்பது ஆண்டுகளே ஆகியிருந்தன. ரோமாபுரியில் போப்பாண்டவர் 16-ம் கிரிகோரி தம்முடைய ராஜ்யத்துக்குள் ரயிலே வரலாகாது என்று தடுத்துக்கொண்டிருந்த காலம் அது. பூர்பன் அரசனோ, பரிவாரத்துடன் தானே வண்டியில் ஏறிச் சென்றான்.

ஆயினும் வண்டியை இழுத்த இஞ்சின் அந்நிய இஞ்சின். இங்கிலாந்தில் செய்து கப்பலில் வந்தது. பழுது பார்க்கவும் ஓட்டவும் அந்நியரையே எதிர்பார்க்க வேண்டியிருந்தது. அடுத்த ஆண்டே, 1840-ல், பியெத்ரார்ஸாவில் அரசாங்கத் தொழிற்சாலைக்கு அஸ்திவாரம் இடப்பட்டது. நீராவி இயந்திரங்களைச் செய்வதற்கு அந்நியர் கையை இந்த ராஜ்யம் இனி நாட வேண்டியிராது என்ற கருத்தை அங்கு வைக்கப்பட்ட கல்வெட்டே கூறிற்று. நம் நாட்டுச் சொல்லில் சொல்வதானால் அது சுதேசித் தொழிற்சாலை. முதலில் கப்பல்களுக்கு வேண்டிய இயந்திரங்களும் பீரங்கித் தளவாடங்களும், பின்னர் ரயில் இஞ்சின்களும் அங்கே செய்யப்பட்டன. உள்ளூர் இளைஞர்களை இயந்திரத் தொழிலில் பழக்குவதற்குப் பள்ளியும் ஏற்பட்டது. 1845-ல் ருஷ்யச் சக்கரவர்த்தி முதல் நிக்கோலாஸ் அங்கே வந்து பார்த்து வியந்து சென்றார். காலக்கிரமத்தில் ஆயிரம் பேருக்கு மேல் அங்கு வேலை செய்தனர். மீன் பிடித்தும் தோட்டம் பயிரிட்டும் வாழ்ந்த கரையோரத்து மக்களிடையே இரும்பை உருக்கவும் கடையவும் அறிந்த ஒரு தொழிலாளர் வகுப்பு தோன்றிற்று.

இதைக் கொண்டு பெர்டினாண்டை நல்லரசன் என்று முடிவு கட்டிவிட வேண்டாம். 1848-ல் ஜனங்களின் கிளர்ச்சிக்கு அஞ்சி அரசியல் சட்டம் தருவதாக வாக்களித்தவன் அவன். பயம் நீங்கியதும் வாக்கை மீறியவனும் அவனே. மெஸ்ஸினா நகரத்தின் மீது குண்டு மாரி பொழியச் செய்து, குண்டு அரசன் என்ற பட்டப் பெயரை வாங்கிக்கொண்டான். தேச பக்தர்களைச் சங்கிலியிட்டுச் சிறையில் அடைத்தான். அந்தச் சிறைகளைப் பார்த்து வந்த கிளாட்ஸ்டன் 1851-ல் வெளியிட்ட கடிதங்கள் ஐரோப்பா முழுவதிலும் அவனுடைய ஆட்சியைத் தலைகுனியச் செய்தன. பியெத்ரார்ஸாத் தொழிலாளிக்கு அவன் ராஜ்யத்தில் வேலை இருந்தது, வாய் இல்லை.

ஆகையால் 1860-ல் கரிபால்டி ஸிஸிலியை வென்று தெற்கிலிருந்து முன்னேறியபோது மக்கள் அவரைக் கொண்டாடியதில் வியப்பில்லை. பெர்டினாண்டு இறந்து அவன் மகன் பிரான்ஸிஸ் சிங்காதனத்தில் இருந்த சமயம். செப்டம்பர் 6-ந் தேதி அவன் நேப்பிள்ஸை விட்டு நீங்கினான். மறு நாள் கரிபால்டி, தம் சைன்யம் பின்னால் வரட்டும் என்று விட்டுவிட்டு, சில தோழர்களுடன் புகைவண்டி ஏறி நேப்பிள்ஸுக்குள் பிரவேசித்தார். பூர்பன் அரசன் போட்ட பாதையிலேயே அவனுடைய வமிசத்தின் ஆட்சிக்கு முடிவு வந்தது. ஜன சமுத்திரத்தின் நடுவே மெல்ல ஊர்ந்த அந்த வண்டி பியெத்ரார்ஸாவின் ஓரமாகத்தான் சென்றது.

1861 மார்ச்சு 17-ந் தேதி இத்தாலிய ராஜ்யம் பிரகடனம் செய்யப்பட்டது. அதன் பின் இரண்டரை ஆண்டு கூட ஆகவில்லை.

புதிய ஸர்க்கார் வடக்கேயிருந்த பியெட்மாண்டு ராஜ்யத்தின் சட்டங்களையும் வரி முறைகளையும் தெற்கிலும் அப்படியே அமுல் நடத்திற்று. அந்நியச் சரக்குகளின் மீது நேப்பிள்ஸில் இருந்து வந்த உயர்ந்த சுங்க வரி திடீரென்று குறைக்கப்பட்டது. அந்த வரியின் நிழலில் வளர்ந்த தொழில்கள் வெயிலில் வாடின. பியெத்ரார்ஸாவினால் லாபம் இல்லை, அதை ஸர்க்கார் வைத்துக்கொள்ளுதல் வீண் என்று அதிகாரிகள் அறிக்கை எழுதினர். 1863-ல் அது ஜாகோபோ போட்ஸா என்ற தனி மனிதரின் கைக்கு மாறிற்று. அவர் ஆட்களைக் குறைத்தார், கூலியைக் குறைத்தார், வேலை நேரத்தைக் கூட்டினார். தொழிலாளர் முறையிட்டனர், பயன் இல்லை.

1863 ஆகஸ்டு 6-ந் தேதி தொழிலாளர் வேலையை நிறுத்தித் தொழிற்சாலை முற்றத்தில் கூடினர். நிர்வாகத்தார் ஸர்க்காரிடம் பாதுகாப்புக் கேட்டனர். பெர்ஸாலியேரி என்னும் துருப்பினர் வந்தனர். தொப்பியில் இறகு சூடி இத்தாலியின் விடுதலைப் போர்களில் புகழ் பெற்ற அதே படை. ஆயுதமின்றி நின்ற கூட்டத்தின் மீது அவர்கள் துப்பாக்கி முனை ஈட்டிகளுடன் பாய்ந்தனர், பிறகு சுட்டனர். லூயிஜி பாப்ரிச்சீனி, அனியெல்லோ மரீனோ, தொமேனிகோ தெல் குரோஸ்ஸோ, அனியெல்லோ ஒலிவியேரி என்ற நால்வர் மாண்டனர். இறந்தோர் தொகை இன்னும் அதிகம் என்று கூறுவோரும் உண்டு. பலர் காயமுற்றனர்.

சிக்காகோ நகரத்தில் எட்டு மணி நேர வேலை கேட்டுத் தொழிலாளர் இரத்தம் சிந்தியது 1886-ல். அதன் நினைவாக உலகம் மே தினம் கொண்டாடுகிறது. அதற்கு 23 ஆண்டுகளுக்கு முன்பே பியெத்ரார்ஸாவில் இது நிகழ்ந்தது. கரிபால்டியின் பெயரை இத்தாலியில் ஊர்தோறும் தெருக்களும் சதுக்கங்களும் தாங்கி நிற்கின்றன. நேப்பிள்ஸ் மத்திய ஸ்டேஷனின் வாசலிலும் கரிபால்டி சதுக்கமே இருக்கிறது. அங்கிருந்து சில நிமிஷங்களில் வந்து சேரக்கூடிய இடத்தில் மாண்ட இந்த நால்வரையோ அறிந்தவர் சிலரே.

இந்தச் சம்பவத்தை இன்று இரு கட்சியார் இரு விதமாகச் சொல்கின்றனர். ஒரு கட்சியார், பூர்பன் காலத்தில் தெற்கு இத்தாலி பொன்னாடாக இருந்தது, வடக்கத்தியார் வந்து கொள்ளையிட்டனர் என்கின்றனர். மற்றவர், அரசனுடைய ஆர்டர்களை நம்பிப் பிழைத்த தொழிற்சாலை அது, போட்டி வந்ததும் தள்ளாடியது இயற்கை என்கின்றனர். முதற் கட்சியார் சிறைச்சாலைகளை மறந்துவிடுகின்றனர். அடுத்த கட்சியார் பிணங்களை மறந்துவிடுகின்றனர். தொழிற்சாலை லாபமா நஷ்டமா என்பது கணக்கு விவகாரம். அதைக் கணக்கர் தீர்க்கட்டும். கூலியைப் பற்றிப் பேச வந்தவனுக்குத் துப்பாக்கியால் பதில் சொல்லலாமா என்பது தர்ம விவகாரம். அதற்கு இரண்டு விடை கிடையாது.

சுதந்திர ஸர்க்கார் ஒன்று இவ்வாறு செய்தது எப்படி? காரணம் மறைவானதன்று. புதிய இத்தாலி கொடியை மாற்றிற்று, அரசனை மாற்றிற்று. தொழிலாளியைப் பற்றிய எண்ணத்தை மாற்றவில்லை. வடக்கிலிருந்து வந்த தண்டனைச் சட்டத்தில் வேலைநிறுத்தம் குற்றமாகவே இருந்தது. பலாத்காரமற்ற வேலைநிறுத்தம் குற்றமாகாது என்ற நிலை 1889-ல் இயற்றப்பட்ட ஜனார்தெல்லி சட்டத்தினால்தான் ஏற்பட்டது. அதற்குள் ஒரு தலைமுறை கழிந்துவிட்டது. தெற்கத்தியர் லக்ஷக் கணக்கில் பிழைப்பைத் தேடி அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறிய காலம் அதைத் தொடர்ந்து வந்தது. தெற்குப் பிரச்னை என்று இத்தாலியர் இன்றும் கூறும் மனத்தாங்கலுக்குக் காரணங்கள் பல. ஒன்றுபட்ட தேசம் தனக்கும் உரியது என்ற நம்பிக்கை தெற்கத்தியனுக்குத் தொடக்கத்திலேயே குலைந்தது அவற்றுள் ஒன்று. பியெத்ரார்ஸா அந்த நம்பிக்கையில் விழுந்த முதல் விரிசல்களில் சேரும்.

தொழிற்சாலை அத்துடன் மூடப்படவில்லை. 1877-ல் ஸர்க்கார் அதைத் திரும்ப எடுத்துக்கொண்டது. 1905-ல் ரயில்வேக்கள் தேச உடைமையானபோது அது ஸ்டேட் ரயில்வேயைச் சேர்ந்தது. புதிய இஞ்சின்களைச் செய்வது நின்று, நீராவி இஞ்சின்களைப் பழுது பார்ப்பதே அதன் தொழிலாயிற்று. மின்சாரமும் டீஸலும் வந்த பின் அந்த வேலையும் குறைந்தது. 1975-ல் உலைகள் அணைந்தன. நேப்பிள்ஸ்–போர்த்திச்சி ரயிலின் 150-ம் ஆண்டு நிறைவை ஒட்டி 1989-ல் அந்தப் பட்டறைகளே தேசிய ரயில்வே மியூஸியமாகத் திறக்கப்பட்டன. இன்று அந்தச் சிறு ஸ்டேஷனில் இறங்கும் வெளியூரார் பலரும் மியூஸியத்தைப் பார்க்க வருவோரே.

உள்ளே முதல் ரயில் வண்டியை இழுத்த பயார் இஞ்சினின் மாதிரி நிற்கிறது. பியெத்ரார்ஸாவிலேயே வார்த்த பெர்டினாண்டு அரசனின் பெரிய இரும்புச் சிலையும் இருக்கிறது. ஸவாய் வமிசத்து இளவரசன் உம்பர்ட்டோவின் கலியாணத்துக்காக 1929-ல் செய்யப்பட்ட ராஜ வண்டி, பொன் வேலைப்பாடு மிகுந்த விதானத்துடன் பளபளக்கிறது. பூர்பன் அரசன் கட்டிய மண்டபத்தில் ஸவாய் அரசர்களின் வண்டி! இரு வமிசங்களும் இன்று ஆளவில்லை. 1946-ல் இத்தாலிய ஜனங்கள் வாக்களித்து முடியாட்சியையே நீக்கிவிட்டனர். 1948 ஜனவரி 1-ந் தேதி அமுலுக்கு வந்த குடியரசின் அரசியல் சட்டம், இத்தாலி உழைப்பை அடிப்படையாகக் கொண்ட ஜனநாயகக் குடியரசு என்று முதல் விதியிலேயே கூறுகிறது. வேலைநிறுத்த உரிமையையும் அதே சட்டம் 40-வது விதியில் ஒப்புக்கொள்கிறது.

அந்த முதல் விதிக்கும் பியெத்ரார்ஸா முற்றத்துக்கும் இடையே 85 ஆண்டுகள். ஆகஸ்டு 6-ந் தேதி கூடிய தொழிலாளர் கேட்டதெல்லாம், செய்த வேலைக்கு நியாயமான கூலியும் அதைப் பற்றிப் பேச ஓர் இடமுமே. அதை அன்றே கொடுத்திருந்தால் புதிய ராஜ்யம் ஏழையாகியிருக்காது. தெற்கத்தியன் மனத்தில் அதற்கு ஆழமான வேர் ஒன்று கிடைத்திருக்கும்.

அந்நியனையோ கொடுங்கோலனையோ வெளியேற்றுவது விடுதலையின் முதற் படி. வெளியேற்றிய பிறகு, நம்முடையவன் ஒருவன் நம்மிடமே குறை சொல்ல வரும்போது எவ்வாறு நடந்துகொள்கிறோம் என்பதே அடுத்த படி. முதற் படியை வீரர்கள் ஏறிவிடுகின்றனர். அடுத்த படியில்தான் ராஜ்யங்கள் இடறுகின்றன. பழைய இஞ்சின்களைத் துடைத்து மெருகிட்டு வைத்திருக்கும் இத்தாலியரை நாம் பாராட்டுகிறோம். அந்த இஞ்சின்களைச் செய்த கைகளையும், அவற்றுள் குண்டடிபட்டு ஓய்ந்த கைகளையும் அதே அக்கறையுடன் நினைவில் வைப்பது அவர்களுக்கு மட்டுமன்றி, விடுதலை பெற்ற தேசங்கள் அனைத்துக்கும் கடமையாகும்.