சந்தாப் பதிவேட்டில் ஒரு ஊர்

சிறு நகரத்துப் பள்ளிவாசலை வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்குக் கண்ணில் படுவது ஐந்து வேளை பாங்கும் வெள்ளிக்கிழமைக் கூட்டமும்தான். ஆனால் ஊர் முஸ்லிம்களைப் பள்ளியோடு பிணைத்து வைப்பதில் தொழுகையைவிட, பள்ளியை நடத்தும் ஊர்க் குடும்பங்களின் அமைப்பான ஜமாஅத்தின் பதிவேட்டுக்கே பங்கு அதிகம். தொழுகையை எந்தப் பள்ளியிலும் தொழலாம், வீட்டிலும் தொழலாம். கல்யாணமும் மையத்து எனப்படும் இறுதிச் சடங்கும் அப்படியல்ல. திருமணத்தைப் பதியும் நிக்காஹ் தப்தர் ஜமாஅத்தின் பொறுப்பில் இருக்கிறது. மாப்பிள்ளை வெளியூர் என்றால் அவருடைய ஜமாஅத்திலிருந்து கடிதம் வந்தாக வேண்டும். எல்லா மதத்தினரின் திருமணத்தையும் அரசிடம் பதிவதைக் கட்டாயமாக்கிய 2009ஆம் ஆண்டுச் சட்டம் வந்த பிறகும் அந்தத் தப்தருக்கு மதிப்பு குறையவில்லை. இறந்தவரைச் சுமக்கும் சந்தூக்கு பள்ளியில் இருக்கிறது, அடக்கும் மையவாடி பெரும்பாலும் பள்ளிக்குச் சொந்தம். இவற்றுக்கெல்லாம் ஈடாகக் குடும்பங்கள் தருவதுதான் சந்தா. பணம் கட்டும் குடும்பம், கணக்கு வைத்திருக்கும் பொருளாளர், பொறுப்பேற்கும் முத்தவல்லி என்று பார்த்தால் இது ஒரு சின்ன ஊராட்சி மன்றம். இமாம்தான் இதற்கெல்லாம் தலைவர் என்று பலர் நினைக்கிறார்கள். அவரும் பாங்கு சொல்லும் மோதினாரும் அந்த நிர்வாகத்திடம் சம்பளம் வாங்குபவர்கள், அதுவும் சொற்பச் சம்பளம்.

இந்த ஏற்பாட்டின் பலம் நெருக்கடியில்தான் வெளிப்படும். வெள்ளாறு கடலில் கலக்கும் இடத்தில் இருக்கும் பரங்கிப்பேட்டை அதற்குச் சான்று. 2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. சுனாமி சுற்றுவட்டார மீனவக் குப்பங்களைச் சிதைத்தபோது ஊரில் கல்யாண விருந்துகளுக்குச் சமையல் நடந்துகொண்டிருந்தது. அந்தச் சோறு உயிர் தப்பி வந்த மீனவக் குடும்பங்களுக்குப் போனது. தொடர்ந்து தங்க இடம் கொடுத்து உணவளிக்கும் வேலையை ஜமாஅத் எடுத்துக்கொண்டது. இரக்கம் எல்லா ஊரிலும் உண்டு. ஆனால் யார் வீட்டில் பெரிய தேக்சா இருக்கிறது, யாரைக் கேட்டால் அரிசி மூட்டை வரும், எந்தத் தெரு இளைஞர்களை எங்கே அனுப்பலாம் என்பதை அந்த நேரத்தில் உட்கார்ந்து திட்டமிட முடியாது. ஆண்டு முழுக்கச் சந்தா வசூலித்து, கல்யாணமும் மையத்தும் நடத்திப் பழகியவர்களுக்கு அது ஏற்கெனவே தெரிந்திருக்கும். ரமலானில் நோன்புக் கஞ்சி காய்ச்சுவதும் அதே பழக்கம்தான். கஞ்சி வாங்கத் தூக்குவாளியோடு வருபவர்களில் நோன்பு வைக்காத பிற மதத்து அண்டை வீட்டாரும் உண்டு. 2001 முதல் தமிழக அரசு கஞ்சிக்கான அரிசியைப் பள்ளிவாசல்கள் வழியாகவே கொடுக்கிறது. வாங்கிப் பங்கிட ஒரு நிர்வாகம் இருக்கும் இடத்தில்தான் அரசும் இப்படி நம்பிக் கொடுக்க முடியும்.

ஜமாஅத் தனி நீதிமன்றம் நடத்துகிறது என்ற குற்றச்சாட்டு அடிக்கடி எழுகிறது. மதத் தீர்ப்புகளுக்குச் சட்ட வலிமை கிடையாது என்று உச்ச நீதிமன்றம் 2014இல் சொல்லிவிட்டது. வழிபாட்டு இடங்களில் நீதிமன்றம்போல எதுவும் இயங்கக் கூடாது என்று சென்னை உயர் நீதிமன்றமும் 2016இல் இடைக்கால உத்தரவிட்டது. அது சரியே. எல்லைக் கோடு அங்கே போட்டாகிவிட்டது. அதற்கு உள்ளே கணவன் மனைவி சண்டையையோ அண்ணன் தம்பி பாகத் தகராறையோ பேசித் தீர்ப்பது நீதிமன்ற வேலை ஆகாது. அந்தப் பேச்சும் இல்லாவிட்டால் வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லாதவர்கள்தான் முதலில் தவிப்பார்கள்.

இதைவிடக் கனமான ஆட்சேபம் உள்ளிருந்து வருவது. சேர்த்துக்கொள்ளும் பதிவேடு, பெயரை அடிக்கவும் செய்யும். ஊர்விலக்கு வைத்தால் கல்யாணமும் மையவாடியும் பறிபோகும் என்ற பயமே ஒருவரை வாய்மூட வைக்கப் போதும். பள்ளியைத் தன் பிடிக்குள் வைத்து ஊரை ஆளும் முதலாளியைத் தோப்பில் முஹம்மது மீரான் 1988இலேயே ‘ஒரு கடலோர கிராமத்தின் கதை’யில் எழுதிவிட்டார். பெண்களின் நிலை இன்னும் மோசம்: பெரும்பாலான ஊர்களில் பதிவேட்டில் இருப்பது குடும்பத் தலைவரின் பெயர், தலாக்கைப் பற்றிய பேச்சிலும் உட்கார்ந்திருப்பவர்கள் ஆண்கள். புதுக்கோட்டையில் ஷரீஃபா கானம் பெண்களுக்கென்றே ஒரு ஜமாஅத்தைத் தொடங்கியது இந்தக் குறையால்தான். அது பிளவு என்று கோபித்தவர்கள் உண்டு. இருக்கும் ஜமாஅத்தில் பெண்ணுக்கு ஒரு நாற்காலி போட்டிருந்தால் தனி ஜமாஅத்துக்கு அவசியமே வந்திருக்காது என்பதே என் பதில்.

இதற்காக ஜமாஅத்தையே கலைத்துவிடலாம் என்பது அவசரம். சந்தா கட்டுபவர்தான் கேள்வி கேட்கும் உரிமை உள்ளவர். ஏற்பாட்டின் உள்ளேயே அதற்கு இடம் இருக்கிறது. முத்தவல்லி கணக்கு ஒப்படைக்க வேண்டும் என்று 1995ஆம் ஆண்டு வக்ஃபு சட்டமும் சொல்கிறது. அந்தக் கணக்கு வக்ஃபு வாரியத்துக்குப் போனால் மட்டும் போதாது, பள்ளி வாசலிலும் ஒட்டப்பட வேண்டும். சந்தா கட்டும் வீடுகளின் பெண்களை அடுத்த நிர்வாகத் தேர்வின் வாக்காளர் பட்டியலில் சேருங்கள்.