தொட்டிகளில் குமிழத் தாவரங்கள்

குமிழத் தாவரங்கள் என்பவை தடித்த செதில் இலைகளில் உணவைச் சேமித்து, பாதகமான பருவத்தில் மண்ணுக்கடியில் உறங்கும் தாவரங்கள் ஆகும். வெங்காயம் இதற்கு நன்கறியப்பட்ட எடுத்துக்காட்டாகும். இவற்றுள் பல, மலருக்காகத் தொட்டிகளில் வளர்க்கப்படுகின்றன.

குளிர்த் தேவை

துலிப் போன்ற இளவேனில் மலர்களின் குமிழங்கள் ஏறத்தாழ 12 முதல் 16 வாரங்கள் 9 பாகை செல்சியசுக்குக் குறைவான குளிரில் இருத்தல் வேண்டும். இக்குளிரே பூந்தண்டு நீள்வதைத் தூண்டுகிறது. 2007 ஆம் ஆண்டில் துலிப் தோட்டம் திறக்கப்பட்ட ஸ்ரீநகரில் இது இயற்கையாகவே கிடைக்கிறது. கொற்கை அமைந்துள்ள தூத்துக்குடி மாவட்டக் கடற்கரையில் அத்தகைய குளிர் நிலவுவதில்லை. எனவே குளிரூட்டி விற்கப்படும் குமிழம் அங்கு ஒருமுறை பூத்தாலும், மறு ஆண்டு பூப்பது அரிது.

ஏற்ற வகைகள்

மெக்சிக்கோவைத் தாயகமாகக் கொண்ட நிலச்சம்பங்கிக்குக் குளிர் தேவையில்லை. தமிழ்நாட்டில் இது ஜூன், ஜூலை மாதங்களில் நடப்படுகிறது. ஆப்பிரிக்காவைச் சேர்ந்த ஃபுட்பால் லில்லி வறண்ட மாதங்களில் உறங்கிக் கோடை மழைக்குப் பின் பூக்கிறது.

வளர்ப்பு முறை

அடியில் துளையுள்ள தொட்டியில் செம்மண், மணல், மட்கிய எரு ஆகியவற்றைக் கலந்து நிரப்ப வேண்டும். வடகிழக்குப் பருவமழையின்போது நீர் தேங்கினால் குமிழம் அழுகிவிடும். உவர்நீர் பாய்ச்சினால் உப்பு மண்ணில் படியும். மழைநீரை மிகுதியாக ஊற்றி வடியவிடுவதன் மூலம் இதனைக் குறைக்கலாம். பூத்தபின் பச்சை இலைகளை வெட்டலாகாது. அடுத்த பருவத்திற்கான உணவை அவையே ஆக்குகின்றன.

நச்சுத்தன்மை

துலிப், ஃபுட்பால் லில்லி ஆகியவற்றின் குமிழங்கள் நச்சுத்தன்மை கொண்டவை. வெங்காயத்தை ஒத்திருப்பதால் இவற்றைச் சமையலறையில் வைக்கக்கூடாது.