வெட்டி ஒட்டியவருக்கும் பங்குண்டு

சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் என்றதும் முதலாளி டி. ஆர். சுந்தரம் நினைவுக்கு வருகிறார், படத்தொகுப்பாளர் எல். பாலுவைப் பற்றிப் பேசுவோர் குறைவு. முதலாளி சொன்னபடி வெட்டி ஒட்டியவர்தானே என்பார்கள். 'மந்திரி குமாரி' (1950) படம் அதற்குப் பதில் சொல்கிறது. அதை இயக்கிவந்த எல்லிஸ் ஆர். டங்கன் இடையில் அமெரிக்கா திரும்பிவிட, மீதியைச் சுந்தரம் இயக்கி முடித்தார். இருவர் எடுத்ததை ஒரே கதையாக ஓடவைக்கும் பொறுப்பு பாலுவின் தொகுப்பு மேசைக்கு வந்தது.

சுந்தரத்தின் கட்டுப்பாடு உண்மைதான். ஆனால் நொடிக்கு 24 சட்டகம் ஓடும் சுருளில் நாலைந்து பிசகினாலே வசனம் உதட்டோடு ஒட்டாது. எங்கே வெட்டுவது என்பதைக் கட்டளை மட்டும் தீர்மானித்துவிடாது, தேர்ந்த கண்ணும் காதும் வேண்டும். தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956) படத்தைத் தொகுத்தவரும் பாலுவே. கொங்கு மண்ணின் திரை வரலாற்றை எழுதுவோர் அவருக்குரிய இடத்தைத் தந்தே ஆகவேண்டும்.